கொலம்பியாவில் அடுப்படிக்குள் நுழைவது எப்படி: சமையல் வகுப்புக்குப் போகிறவர்களுக்கு முழு வழிகாட்டி

கொலம்பியா போகிறவர்கள் காப்பித் தோட்டம், கார்த்தஹேனா கோட்டை மதில், மெடெயின் நகரின் கேபிள் கார் என்று பட்டியல் போட்டுக்கொண்டு கிளம்புகிறார்கள். அந்தப் பட்டியலில் எதையாவது ஒன்றை எடுத்துவிட்டு, ஒரு காலைப் பொழுதைச் சமையல் வகுப்புக்கு ஒதுக்குங்கள். உணவகத்தில் தட்டு வந்து சேரும்போது வேலையெல்லாம் முடிந்துபோயிருக்கும். எந்தக் கிழங்கு கரைய வேண்டும், எது கரையக் கூடாது, தேங்காய்ப்பாலை எந்த நிறம் வரை காய்ச்ச வேண்டும் என்பதெல்லாம் அடுப்புப் பக்கத்தில் நின்றால்தான் தெரியும்.

ஆனால் எல்லா வகுப்பும் ஒன்று இல்லை. சில இடங்களில் நீங்களே மாவு பிசைந்து, தட்டி, பொரித்து எடுப்பீர்கள். சில இடங்களில் சமையற்காரர் செய்வதைச் சுற்றி நின்று பார்த்துவிட்டு, கடைசியில் அவகாடோ வெட்டும் வேலை மட்டும் உங்களுக்குக் கிடைக்கும். பணம் இரண்டுக்கும் ஏறக்குறைய ஒன்றுதான். எனவே தேர்ந்தெடுக்கும்போதே கவனம் வேண்டும். என் கணக்கு எளிமையானது: ஒரு ஊர், அந்த ஊரின் ஒரு பதார்த்தம், முதலிலிருந்து கடைசி வரை உங்கள் கையால். "நான்கு மணி நேரத்தில் எட்டு பதார்த்தம்" என்று சொல்லும் வகுப்பை நான் தொடவே மாட்டேன்.

முதலில் ஊர், அப்புறம் வகுப்பு

ஆண்டிஸ் மலை கொலம்பியாவுக்குள் நுழைந்ததும் மூன்று தொடர்களாகப் பிரிகிறது. வடக்கே கரீபியக் கடல், மேற்கே பசிபிக் பெருங்கடல். உயரம் மாற மாற விளைச்சல் மாறுகிறது, அதோடு சாப்பாடும் மாறுகிறது. ஆகவே எந்த ஊரில் இருக்கிறீர்களோ அந்த ஊர்ச் சமையலைத்தான் அங்கே கற்க வேண்டும். பொகோட்டாவில் உட்கார்ந்து கடலோரத்துத் தேங்காய்ச் சோறு கற்றுக்கொள்வதில் பாதிச் சுவைகூடக் கிடைக்காது.

பொகோட்டாவில் இருந்தால் அஹியாக்கோ. கோழி, மூன்று வகை உருளைக்கிழங்கு, மக்காச்சோளக் கதிர், குவாஸ்காஸ் என்ற கீரை சேர்ந்த கெட்டியான சூப் இது. அந்த ஊர்க் குளிருக்கு இதைவிடப் பொருத்தமான சாப்பாடு இல்லை.

கார்த்தஹேனா, பர்ராங்கியா, சாந்தா மார்த்தா என்று கரீபியக் கரைப் பக்கம் போனால் தேங்காய்ச் சோறு, பொரித்த மீன், பத்தகோன் என்னும் வாழைக்காய் வறுவல், அரேப்பா என்னும் மக்காச்சோள மாவு அடைக்குள் முட்டை அடைத்தது. நம் கை உடனே பழகிக்கொள்ளும் சமையல் இதுதான். ஒரே ஒரு வகுப்புக்குத்தான் நேரம் என்றால் இந்தக் கரையைத்தான் நான் சொல்வேன்.

மெடெயின் என்றதும் எல்லோரும் பாந்தேஹா பைசா என்பார்கள். சிவப்புப் பீன்ஸ், சோறு, கொத்துக்கறி, பன்றித்தோல் வறுவல், முட்டை, பழுத்த வாழை வறுவல், அரேப்பா, அவகாடோ என்று தட்டு கொள்ளாமல் வரும். சாப்பிட அருமை. ஆனால் வகுப்பில் கற்க அவ்வளவு ஏற்றதில்லை. பாதி ஏற்கெனவே வெந்திருக்கும், நீங்கள் எடுத்து அடுக்குவீர்கள். அதற்குப் பதில் பீன்ஸும் அரேப்பாவும் மட்டும் சொல்லித்தரும் வகுப்பு கிடைத்தால் அதைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

தென்மேற்கில் உள்ள காலி நகரம் பசிபிக் கரைச் சமையலுக்கு வாசல். தேங்காய்ப்பாலில் மீனும் இறாலும் வேகவைக்கும் என்கோகாதோ அங்கே உண்டு. லூலோ பழத்தை மசித்துச் செய்யும் லூலாதா என்ற குளிர்பானமும் அங்கேதான் நன்றாக இருக்கும். அதற்கும் தெற்கே போபயான். 2005இல் யுனெஸ்கோ இந்த ஊரை உணவுக் கலை நகரமாக அறிவித்தது. அந்தப் பட்டியலில் இடம்பெற்ற முதல் ஊர் இதுதான். உருளைக்கிழங்கும் நிலக்கடலையும் சேர்ந்த பிபியான் பூரணம் வைத்த, சோமாசி போன்ற சின்ன எம்பனாதாக்கள், தொட்டுக்கொள்ள நிலக்கடலைச் சட்னி. கடலை ஒவ்வாதவர்கள் இந்த ஊரில் கூடுதல் எச்சரிக்கையாக இருக்க வேண்டும்.

தொலீமா பக்கத்துத் தமாலையும் சொல்ல வேண்டும். மாவும் அரிசியும் கறியும் வாழை இலையில் கட்டி வேகவைப்பது. இலையை நெருப்பில் வாட்டி, நரம்பு உடையாமல் மடிப்பது நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் அது வேக மூன்று மணி நேரத்துக்கு மேல் ஆகும் என்பதால் அரை நாள் வகுப்புகளில் முழுதாகச் செய்ய மாட்டார்கள். கட்டுவது மட்டும் உங்கள் வேலை, சாப்பிடுவது முந்தைய நாள் வெந்ததை என்று இருந்தால் அதை முன்பே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

பணம் கட்டும் முன் கேட்க வேண்டியவை

வகுப்புகள் மூன்று விதமாக இருக்கும். வீட்டிலேயே நடத்துபவர்கள், அதற்கென்று சமையற்கூடம் வைத்திருப்பவர்கள், உணவகத்தோடு சேர்த்து நடத்துபவர்கள். வீட்டு வகுப்பில் ஆள் குறைவு, பேச்சு அதிகம், அடுப்பும் பாத்திரமும் உண்மையில் அவர்கள் தினமும் புழங்குவது. எனக்கு அதுதான் பிடிக்கும். சமையற்கூடத்தில் ஒவ்வொருவருக்கும் தனி மேசை, தனிக் கத்தி கிடைக்கும். புதிதாகச் சமைக்கப் பழகுபவர்களுக்கு அது வசதி.

எழுதிக் கேட்கும்போது முதல் கேள்வி: ஒவ்வொருவரும் தனித்தனியாகச் சமைப்போமா, எல்லோருக்கும் ஒரே பானையா? ஸ்பானிய மொழியில் "கதா உனோ கொசீனா?" என்று கேட்டால் போதும். இரண்டாவது: ஒரு வகுப்பில் எத்தனை பேர்? எட்டுப் பேருக்கு மேல் போனால் அடுப்புப் பக்கம் போக வரிசையில் நிற்க வேண்டியிருக்கும். மூன்றாவது, மாவு எங்கிருந்து தொடங்குகிறது? இந்தக் கேள்விக்கு வரும் பதிலிலேயே வகுப்பின் ஆழம் தெரிந்துவிடும்.

காரணம் சொல்கிறேன். அரேப்பா மாவை இரண்டு வழியில் செய்யலாம். பழைய வழியில், தோல் நீக்கிய சோளத்தை ஊறவைத்து, வேகவைத்து, மேசை விளிம்பில் இறுக்கிப் பொருத்திய வார்ப்பிரும்புக் கை அரவையில் போட்டுச் சுற்றி அரைப்பார்கள். அதற்கும் முன்பு தோல் நீக்கியது பீலோன் என்ற மர உரலில் உலக்கையால் குத்தி. புதிய வழி, வேகவைத்து உலர்த்தி அரைத்த பாக்கெட் மாவு. 1960இல் வெனிசுவேலாவில் அப்படியொரு மாவு சந்தைக்கு வந்தபின் இரண்டு நாட்டு வீடுகளிலும் அரேப்பா சில நிமிட வேலையாகிவிட்டது. இன்று வீடுகளில் பெரும்பாலும் பாக்கெட் மாவுதான், அதில் குறை ஒன்றும் இல்லை. ஆனாலும் ஒரு பிடி சோளத்தையாவது கை அரவையில் அரைக்க விடும் வகுப்பு கிடைத்தால், வெந்த சோளத்தின் அந்த மணத்துக்காகவே போகலாம்.

அப்புறம் கேட்க வேண்டியது சந்தை. வகுப்போடு சந்தைக்கும் கூட்டிப்போனால் இரட்டிப்புப் பயன். எந்தக் கிழமை என்பதும் முக்கியம். கொலம்பியாவில் பல விடுமுறைகளைத் திங்கட்கிழமைக்குத் தள்ளி வைத்துவிடுவார்கள். அந்த நீண்ட வார இறுதிகளில் சந்தையும் மந்தமாக இருக்கும், வகுப்பும் ரத்தாகலாம்.

நேரம் என்று வந்தால் காலை வகுப்பே சிறந்தது. அங்கே மதியச் சாப்பாடுதான் நாளின் பெரிய சாப்பாடு. நீங்கள் சமைத்ததை எந்த நேரத்தில் சாப்பிட வேண்டுமோ அந்த நேரத்தில் சாப்பிடுவீர்கள். பொகோட்டாவில் மட்டும் ஒரு விஷயம். கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,600 மீட்டர் உயரத்தில் உள்ள ஊர் அது. இறங்கிய மறுநாளே வகுப்புக்குப் பதிவு செய்யாதீர்கள். தலைவலியோடு அடுப்பு முன் நிற்பது யாருக்கும் பிடிக்காது.

சைவம் சாப்பிடுபவர்கள் இதைப் படியுங்கள்

"இறைச்சி சாப்பிட மாட்டேன்" என்று மட்டும் சொன்னால், கோழியும் மீனும் வந்துவிடும். அங்கே கார்னே என்றால் பேச்சுவழக்கில் மாடு, பன்றி என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். ஒவ்வொன்றாகச் சொல்ல வேண்டும்: "சோய் வெஹெத்தாரியானா. நோ கோமோ கார்னே, நி போயோ, நி பெஸ்காதோ, நி கால்தோ தே கார்னே." ஆண்கள் வெஹெத்தாரியானோ என்று சொல்ல வேண்டும். கறி, கோழி, மீன், கறி வேகவைத்த தண்ணீர் எதுவும் வேண்டாம் என்பது இதன் பொருள். கடைசியில் வரும் அந்தக் கறித் தண்ணீர்தான் பலரை மாட்டிவிடும். பீன்ஸைப் பன்றிக்கால் போட்டு வேகவைப்பது வழக்கம். சூப்புகளுக்கு எலும்பு வேகவைத்த நீர்தான் அடிப்படை. பொரிக்கும் எண்ணெயும் பல இடங்களில் பொதுதான். முட்டை சாப்பிட மாட்டீர்கள் என்றால் "நி உவேவோ" என்றும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வகுப்பு நாளில் போய் நின்று சொல்வதில் பயனில்லை, முன்பே எழுதிச் சொல்லுங்கள். பெரும்பாலானோர் மனமுவந்து மாற்றிச் செய்வார்கள். கோழி இல்லாத அஹியாக்கோகூட நன்றாகவே வரும். உதிர்த்த சோளத்தின் தண்டுகளைப் போட்டுக் கொதிக்கவைத்த நீரில் கிழங்கையும் குவாஸ்காஸையும் போட்டால் சுவையில் பெரிய குறை தெரியாது. தேங்காய்ச் சோறு, பத்தகோன், அரேப்பா, ஒகாவ் என்ற வெங்காயம் தக்காளி வதக்கல் இவையெல்லாம் இயல்பாகவே சைவம்தான், பன்றிக்கொழுப்பு சேர்க்கவில்லை என்பதை மட்டும் உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள்.

சந்தையில்

பொகோட்டாவில் பாலோக்கெமாவ், மெடெயினில் மினோரிஸ்தா, காலியில் அலமேதா, கார்த்தஹேனாவில் பசூர்த்தோ. வகுப்புகள் பெரும்பாலும் இவற்றுக்கோ பக்கத்தில் உள்ள சிறிய சந்தைகளுக்கோ கூட்டிப்போகும். பசூர்த்தோ நெரிசலும் சேறும் மீன்வாடையும் உள்ள இடம். தனியாகப் போகாமல் வகுப்பு நடத்துபவரோடு போங்கள். பாலோக்கெமாவில் விடியற்காலையிலேயே பூ வியாபாரம் களைகட்டிவிடும். வகுப்பு ஒன்பது மணிக்கு என்றால்கூட ஒரு மணி நேரம் முன்னதாகப் போய்ச் சுற்றிப் பார்க்கலாம்.

சில்லறை நோட்டாக வைத்துக்கொள்ளுங்கள். விலை சொல்லும்போது ஆயிரத்தை விட்டுவிடுவார்கள். ஐந்து என்றால் ஐயாயிரம் பெசோ. விற்பவரைப் பார்த்ததும் "புவேனோஸ் தியாஸ்" என்று காலை வணக்கம் சொல்லிவிட்டுத்தான் விலை கேட்க வேண்டும். அதைச் சொல்லாமல் நேராகப் பொருளைத் தொட்டால் முகம் மாறிவிடும். நிறைய வாங்கினால் கொசுறும் கேட்கலாம், ஞாப்பா என்பார்கள். படம் எடுக்கும் முன் அனுமதி கேளுங்கள். கைபேசியை வேலை முடிந்ததும் உள்ளே வைத்துவிடுங்கள்.

பழக்கடையில் நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். கொடைக்கானலில் தாட்பூட் பழம் சாப்பிட்டவர்களுக்கு அதன் உறவினர்கள் நாலைந்து பேர் அங்கே காத்திருப்பார்கள்: மாராகுயா, கிரனதீயா, குரூபா என்று. ஊட்டிச் சந்தையில் விற்கும் மரத்தக்காளி அங்கே அன்றாடச் சாறு. முள் சீத்தாவைக் குவனாபனா என்பார்கள். லூலோ மட்டும் நமக்கு முற்றிலும் புதிது. புளிப்பும் மணமும் சேர்ந்த பச்சைச் சதை. சாறு கேட்டால் தண்ணீரிலா பாலிலா என்று கேட்பார்கள். மஞ்சள் பித்தாயா இனிக்கிறதே என்று இரண்டு மூன்றாகச் சாப்பிட்டுவிடாதீர்கள், வயிற்றை நன்றாக இளக்கிவிடும். அன்றைக்கு வகுப்பு இருக்கிறது.

கிழங்குக் கடையில் மூன்று உருளைக்கிழங்கையும் கையில் எடுத்துப் பாருங்கள். க்ரியோயா சிறியது, உள்ளேயும் வெளியேயும் மஞ்சள். பாஸ்தூசா உருண்டையாக, மாவுத்தன்மையோடு இருக்கும். சபனேரா வெந்தாலும் உருக்குலையாது. அஹியாக்கோவின் சூட்சுமம் முழுக்க இந்த மூன்றில்தான்.

அடுப்பு முன்

மூடிய செருப்பு, கட்டிய தலைமுடி, பழைய சட்டை. வாழைக்காய்க் கறை எந்த நாட்டிலும் போகாது. மிளகாய்ப்பொடி, கரம் மசாலா எதையும் கொண்டுபோகாதீர்கள். அவர்கள் சமையலில் காரம் பானைக்குள் போவதில்லை. அஹி என்ற மிளகாய்க் கரைசல், வெங்காயத்தாள், கொத்தமல்லி, எலுமிச்சை அல்லது வினிகர் சேர்த்து, தனிக் கிண்ணத்தில் வரும். தேவைப்படுபவர் ஊற்றிக்கொள்ள வேண்டியதுதான். தாளிப்பும் கிடையாது. சீரகம் உண்டு, பூண்டு உண்டு, கொத்தமல்லி ஏராளம். முதல் வாயில் சப்பென்று தோன்றலாம். அவசரப்பட்டுத் தீர்ப்புச் சொல்லாமல் நாலாவது வாய் வரை போங்கள்.

ஒகாவிலிருந்து தொடங்குவார்கள். நம் வதக்கிய வெங்காயம் தக்காளிக்கு அங்கே உள்ள வடிவம். சின்ன வித்தியாசங்கள்தான் இதன் சுவை: வெங்காயம் நீளத் தண்டுள்ள செபோயா லார்கா, வெள்ளைப் பகுதியும் பச்சையும் சேர்த்துப் பொடியாக நறுக்கியது. தக்காளி அதைப்போல இரண்டு மடங்கு. தீ மிதமாக, நிதானமாக, சிவக்கவிடாமல் வதக்க வேண்டும். நம் கை தன்னையறியாமல் தீயைக் கூட்டும். கூட்டாதீர்கள். வெங்காயம் கரைந்து, எண்ணெய் ஓரத்தில் மினுங்கினால் பதம் வந்துவிட்டது. அரேப்பா, பீன்ஸ், பத்தகோன் எல்லாவற்றோடும் இது போகும்.

அரேப்பா மாவுக்கு இரண்டு கப் பாக்கெட் மாவு, சுமார் இரண்டரைக் கப் வெதுவெதுப்பான நீர், உப்பு. தண்ணீரில் மாவைத் தூவிக் கலக்கி, ஐந்து நிமிடம் அப்படியே விட்டுவிட வேண்டும். அந்த ஐந்து நிமிடத்தில் மாவு நீரை இழுத்துக்கொண்டு இறுகும். முன்பே பிசைந்தால் தளர்வாக இருக்கிறதே என்று இன்னும் மாவு போடத் தோன்றும், அரேப்பா கல்லாகிவிடும். பதம் பார்க்க ஓர் உருண்டை எடுத்து அழுத்துங்கள். விளிம்பு வெடித்தால் தண்ணீர் போதவில்லை. ஒவ்வொரு கரண்டியாகச் சேர்த்துப் பிசைய வேண்டும். கையில் ஒட்டினால் இன்னும் கொஞ்சம் பொறுங்கள். உள்ளங்கையை நனைத்து, சுழற்றிக்கொண்டே தட்டி, விளிம்பைக் கட்டைவிரலால் மூடிக்கொண்டே வர வேண்டும். மெடெயின் பக்கத்து வெள்ளை அரேப்பாவில் பல வீடுகளில் உப்பே போட மாட்டார்கள், மேலே தடவும் வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் அதை ஈடுசெய்துவிடும்.

முட்டை அரேப்பாதான் கரீபியக் கரையின் பெரிய கைவேலை. கார்த்தஹேனாவுக்கும் பர்ராங்கியாவுக்கும் இடையே உள்ள லுருவாக்கோ இதற்குப் பேர் போன ஊர். மஞ்சள் சோள மாவைப் பிசைந்து, உள்ளங்கை அகலத்துக்கு, அரை அங்குலத்துக்குச் சற்றுக் குறைவான தடிமனில் தட்டிக்கொள்ள வேண்டும். எண்ணெய் நன்றாகக் காய்ந்திருக்கட்டும். போட்டவுடன் பூரிக்குச் செய்வதுபோலக் கரண்டியால் எண்ணெயை மேலே அள்ளி ஊற்றிக்கொண்டே இருந்தால் மேல்பக்கம் தனியாகப் பிரிந்து உப்பும். உப்பாவிட்டால் உள்ளே முட்டைக்கு இடமில்லை, அதைச் சும்மா சாப்பிட்டுவிட்டு அடுத்ததைத் தட்டுங்கள். உப்பியதை வெளியே எடுத்து, எண்ணெய் வடித்து, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிட்டு, விளிம்பில் இரண்டு விரல் அகலத்துக்குக் கத்தியால் கீற வேண்டும். முட்டையை முன்பே ஒரு சின்னக் கோப்பையில் உடைத்து உப்புப் போட்டு வைத்திருங்கள். கீறலைக் கட்டைவிரலால் திறந்து பிடித்து, அரேப்பாவைச் சாய்த்து, கோப்பையிலிருந்து மெதுவாக வழியவிட வேண்டும். உடனே ஒரு சிட்டிகைப் பச்சை மாவால் கீறலை அடைத்து, சிந்தாமல், மறுபடி எண்ணெயில். இரண்டு மூன்று நிமிடத்தில் முட்டை வெந்துவிடும். இந்த அடைப்பதும் எண்ணெயில் விடுவதும் ஒரே மூச்சில் நடக்க வேண்டிய காரியம். முதல் இரண்டு எல்லோருக்கும் ஒழுகும். ஆகவே வகுப்பில் தலைக்கு மூன்றாவது தட்ட விடுவார்களா என்று கேளுங்கள். ஒன்றே ஒன்று செய்து பார்த்து இந்த வேலை கைக்கு வராது.

தேங்காய்ச் சோற்றில் சுவையான பகுதி அரிசி போடுவதற்கு முன்பே முடிந்துவிடும். தேங்காய் துருவி, வெந்நீர் விட்டுப் பிழிந்து, முதல் பாலையும் இரண்டாம் பாலையும் தனித்தனியாக வைத்துக்கொள்வார்கள். அடிகனமான பாத்திரத்தில் முதல் பாலை ஊற்றி, கிளறிக்கொண்டே காய்ச்ச வேண்டும். முதலில் கெட்டியாகும், பிறகு திரியும், பிறகு எண்ணெய் பிரியும். நம் ஊரில் காய்ச்சித் தேங்காய் எண்ணெய் எடுக்கும் வீடுகளில் இந்தக் கட்டத்தோடு வடித்துவிடுவார்கள். அங்கே வடிக்காமல் மேலும் காய்ச்சுவார்கள். அடியில் திரண்ட கசடு பொன்னிறமாகி, பின் பழுப்பாகி, கருப்பட்டி மணம் வரும்போது நிறுத்த வேண்டும். தித்தொத்தே என்பது இதுதான். பழுப்புக்கும் கருகலுக்கும் இடையே ஒரு நிமிடம்கூட இருக்காது, அப்போது யாரிடமும் பேச்சுக் கொடுக்காதீர்கள். அதில் சர்க்கரை அல்லது பனேலா, கழுவிய அரிசி போட்டுப் புரட்டி, இரண்டாம் பாலும் உப்பும் சேர்த்து, நீர் வற்றியதும் மூடிச் சிறுதீயில் விட வேண்டும். பனேலா என்பது நம் வெல்லம்தான், கரும்புச்சாற்றைக் காய்ச்சி வார்த்த கட்டி. அடியில் பிடித்த காந்தலைச் சுரண்டிக் குக்காயோ என்று பங்கு போட்டுச் சாப்பிடுவார்கள். வெட்கப்படாமல் உங்கள் பங்கைக் கேளுங்கள்.

பத்தகோனுக்குப் பச்சை வாழைக்காய். நம் வாழைக்காயைவிடப் பெரியது, மாவு அதிகம். தடித்த துண்டுகளாக வெட்டி மிதமான சூட்டில் பொரித்து எடுத்து, பலகையில் வைத்துத் தட்டையாக நசுக்கி, பூண்டு உப்பு நீரில் தோய்த்து, இம்முறை அதிகச் சூட்டில் மறுபடி பொரிக்க வேண்டும். ஈரத்தோடு எண்ணெயில் போடும்போது தெறிக்கும், ஒதுங்கி நில்லுங்கள்.

அஹியாக்கோ செய்யும்போது பொறுமைதான் பாடம். எலும்போடு கோழி நெஞ்சுக்கறி, வெங்காயத்தண்டு, கொத்தமல்லிக் கட்டு, பூண்டு சேர்த்து வேகவைத்து, கறியை எடுத்து நார்நாராக உரித்து வைத்துவிட வேண்டும். அந்த நீரில் சபனேராவும் பாஸ்தூசாவும் சோளக் கதிரும். அவை பாதி வெந்தபின் க்ரியோயா. அது முழுக்கக் கரைந்து சூப்பைக் கெட்டியாக்கி மஞ்சளாக்கும். மைதா, சோளமாவு எதுவும் இதற்கு வேண்டாம். கடைசிப் பதினைந்து நிமிடத்தில் குவாஸ்காஸ். பொகோட்டா உயரத்தில் தண்ணீர் சுமார் 91 டிகிரி செல்சியஸிலேயே கொதித்துவிடுவதால் எல்லாம் வேக நேரம் பிடிக்கும். பீன்ஸ் போன்றவற்றுக்கு அவர்களும் குக்கர்தான் வைக்கிறார்கள். மேசையில் பாலேடு, கேப்பர் ஊறுகாய், அவகாடோ, சோறு எல்லாம் தனித்தனியாக வரும். கொஞ்சம் கொஞ்சமாக நீங்களே கலந்து சாப்பிட வேண்டும்.

பொகோட்டா வகுப்புகளில் சில சமயம் சூடான சாக்லேட்டும் சொல்லித்தருவார்கள். ஒயெத்தா என்ற உயரமான பாத்திரத்தில் சாக்லேட் கட்டியைக் கரைத்து, மோலினியோ என்ற மர மத்தை இரு உள்ளங்கைக்கு நடுவே உருட்டி நுரை எழுப்புவது. மத்துப் பழகியவர்களுக்கு நுரை உடனே எழும்பும். அதில் பாலாடைக்கட்டித் துண்டைப் போட்டு, இளகி நூல் இழுக்கும்போது கரண்டியால் எடுத்துச் சாப்பிடுவார்கள். கேட்க விநோதமாக இருந்தாலும் மறுக்காதீர்கள்.

கூட இருப்பவர்களிடம்

சொல்லித்தரும் அம்மாவை அவர் பெயருக்கு முன் தோஞா சேர்த்து அழையுங்கள், ஆண் என்றால் தோன். பேசும்போது உஸ்தெத் என்ற மரியாதைச் சொல்லையே பயன்படுத்துங்கள். ஸ்பானிய மொழி தெரியாவிட்டால், மொழிபெயர்ப்பவர் இருக்கிறாரா என்று பதிவின்போதே கேட்டுவிடுங்கள். ஆனால் பதம் பார்க்கும் நேரத்தில் மொழி பெரிய தடையில்லை. "அசீ?" என்று மாவைக் காட்டினால், இப்படியா என்று கேட்டதாகப் புரிந்துகொண்டு, சரியென்று தலையசைப்பார் அல்லது உங்கள் கையைப் பிடித்தே திருத்துவார். அளவைக் கேட்டு எழுதிக்கொண்டே இருக்காமல் ஓசை, நிறம், மணம் இவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். கைவேலையைப் படம் எடுப்பதானால் பக்கத்தில் இருப்பவரிடம் கைபேசியைக் கொடுத்து அரேப்பா தட்டும் அரை நிமிடத்தை மட்டும் எடுக்கச் சொல்லுங்கள், அது போதும்.

சமைத்ததை எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிடுவது வகுப்பின் பாகம். அவசரமாகக் கிளம்ப வேண்டிய நாளில் வகுப்பு வைத்துக்கொள்ளாதீர்கள். "புவென் ப்ரொவேச்சோ" சொல்லிவிட்டுத் தொடங்குங்கள். உணவகங்களில் 10 சதவீத அன்பளிப்பைப் பில்லில் சேர்க்கலாமா என்று கேட்பார்கள்; வகுப்பில் அப்படிக் கட்டாயம் இல்லை. ஆனால் பக்கத்தில் நின்று பாத்திரம் கழுவி, காய் நறுக்கித் தந்த உதவியாளர் ஒருவர் இருந்தால் அவர் கையில் ஏதாவது கொடுத்துவிட்டு வாருங்கள். அவர் இல்லாமல் உங்கள் வகுப்பு நடந்திருக்காது.

ஊர் திரும்பியபின்

பெட்டியில் வைக்கத் தகுந்தவை: முத்திரையிட்ட பாக்கெட்டில் உலர்ந்த குவாஸ்காஸ், சாக்லேட் கட்டி, ஒரு மோலினியோ. புதிய பழம், விதை, கிழங்கு எதையும் போடாதீர்கள். கொலம்பியாவிலிருந்து இந்தியா திரும்புகிறவர்களிடம் மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசிச் சான்றிதழ் கேட்பார்கள். ஊசி போட்டுப் பத்து நாள் கழித்துத்தான் அது செல்லும் என்பதால் கிளம்பும் முன்பே முடித்துவிடுங்கள்.

குவாஸ்காஸின் தாவரவியல் பெயர் கலின்சோகா பார்விஃப்ளோரா. நீலகிரியிலும் கொடைக்கானலிலும் காய்கறித் தோட்டங்களில் களையாகப் பிடுங்கிப் போடும் சின்ன வெள்ளைப் பூச்செடிதான் அது. செடியைத் தெளிவாக அடையாளம் தெரிந்தவர் காட்டினாலொழிய பறிக்காதீர்கள், மருந்து அடித்த தோட்டத்திலிருந்து எப்போதுமே பறித்துவிடாதீர்கள். க்ரியோயா கிழங்கு இங்கே கிடைக்காது. மாவுத்தன்மை உள்ள பழைய உருளைக்கிழங்கை மெல்லியதாகச் சீவி முதலிலேயே போட்டுக் கரையவிட்டு, கெட்டியான புதுக் கிழங்கைப் பிறகு போட்டால் ஓரளவு அந்தப் பதம் வரும்.

அரேப்பாவுக்குக் கடையில் கிடைக்கும் மக்காச்சோள மாவை வாங்காதீர்கள். அது வேகாத மாவு, பிசைந்தால் உதிரும். மெக்சிகோ தோர்த்தீயாவுக்கான மாவும் வேறு, சுண்ணாம்பு நீரில் வேகவைத்தது. முன்வேகவைத்த வெள்ளைச் சோளமாவு என்று பாக்கெட்டில் பார்த்து வாங்க வேண்டும். தேங்காய்ச் சோற்றுக்கு இந்தத் தொல்லை எதுவும் இல்லை. தேங்காய், வெல்லம், அரிசி மூன்றும் வீட்டிலேயே இருக்கிறது. வந்த வாரத்திலேயே, தித்தொத்தேயின் நிறம் கண்ணில் நிற்கும்போதே ஒருமுறை செய்துவிடுங்கள். வெல்லத்தைக் குறைத்தே போடுங்கள். மீன் வறுவலோடு சாப்பிட வேண்டிய சோறு அது.